ஒற்றை விளக்கில் எடுத்த படம்

லோர்னா பிரூயிட்டுக்கு ஊர் ஊராகத் தேவாலயங்களுக்குப் போய்ப் படம் எடுப்பதுதான் பிழைப்பு. வடக்கு டகோட்டாவில் அவள் கால் வைக்காத லூத்தரன் தேவாலயம் ஒன்றிரண்டுதான் மிச்சமிருக்கும். நீலத் திரை, இரண்டு விளக்கு, இரண்டு ஸ்டூல். குடும்பத்துக்குப் பத்து நிமிடம். பிறகு எல்லாப் படங்களும் சேர்ந்து சபைப் புத்தகமாக அச்சாகும். அவளுக்குக் கல்யாணம் ஆகவில்லை. ஆனால் பதினெட்டு வருடமாகப் பார்த்த ஜோடிகளுக்குக் கணக்கில்லை.

"சிரிப்ப நம்பாத பெவ். முழங்கையப் பாரு. ஒட்டியிருக்கா விலகியிருக்கான்னு அதுதான் சொல்லும்" என்பாள் என்னிடம்.

எங்கள் ஆட்களிடம் அவள் பாச்சா பலிக்காது. நாங்கள் நார்வேக்காரர்களின் பேரப்பிள்ளைகள். நாலு பேர் முன்னால் பெண்டாட்டியின் தோளில் கைபோடுவதும் சட்டையில்லாமல் ஆராதனைக்கு வருவதும் எங்களுக்கு ஒன்றுதான்.

அந்த அக்டோபரில் படம் எடுக்கிற இடம் தேவாலயத்தின் அடித்தளக் கூடம். பெயர் கூப்பிடுவதும் காபி ஊற்றுவதும் என் வேலை. ஸெல்மர் பிரெக்கியும் அவர் மனைவி ஆர்டிஸும் வந்தார்கள். ஏப்ரலில் ஆர்டிஸுக்குப் பக்கவாதம் வந்து வலது கன்னம் தொங்கிவிட்டது. வாய் கோணிவிட்டது. சால்வையால் பாதி முகத்தை மூடியிருந்தாள். விளக்கு இரண்டும் எரிந்ததுமே எழுந்துவிட்டாள்.

"நீ மட்டும் எடுத்துக்கோ ஸெல்மர். நான் வண்டில இருக்கேன்."

எங்கள் சபைப் புத்தகத்தில் ஓர் ஆண் தனியாக இருந்தால் மனைவி போய்ச் சேர்ந்துவிட்டாள் என்று அர்த்தம்.

"நீ செத்துட்டேன்னு நினைச்சு துக்க வீட்டுக்குன்னு நாப்பது வீட்டுலருந்து உருளைக்கிழங்குத் தட்டு வரும். யாரு தின்னு தீர்க்கறது?" என்றார் ஸெல்மர். வாய்தான் கேலி பேசியது. கை தொப்பியைப் பிசைந்துகொண்டிருந்தது. மனுஷன் பயந்துபோயிருந்தார்.

லோர்னா கெஞ்சவில்லை. ஒரு விளக்கை அணைத்தாள். இன்னொன்றை ஆர்டிஸின் இடப்பக்கமாகத் தள்ளினாள். "பெவ், மேல இருக்கற லைட்டெல்லாம் அணைச்சுடு" என்றாள். அணைத்தேன். காத்திருந்த பதினோரு பேரும் இருட்டில் மறைந்தார்கள். நான் போய் அவள் பின்னால் நின்றேன்.

"ஆர்டிஸ், அந்தச் சால்வையக் குடுத்துட்டு உக்காருங்க. ஸெல்மர், உங்க கன்னத்த அவங்க வலது கன்னத்துல வைங்க."

"இங்கயா?"

"பின்ன, டிராக்டர் கொட்டகையிலயா? வைங்க. எனக்கே உங்க காது மட்டுந்தான் தெரியுது."

ஸெல்மர் தொப்பியைக் கீழே வைத்தார். பிறகு அவர் குனிந்தார்.

கேமராவின் சின்னத் திரையில் பார்த்தேன். அவருடைய கறுப்புக் கோட்டும் இருட்டும் ஒன்றாகியிருந்தன. அந்தக் கறுப்புக்குள் ஆர்டிஸின் பாதி முகம் மட்டும் வெளிச்சமாக இருந்தது. வெள்ளை முடி, மூடிய கண். மற்றப் பாதி அவரிடம் இருந்தது. முப்பது வருடப் பழக்கம், இவர்கள் இத்தனை நெருக்கம் என்று எனக்குத் தெரியாமல் போயிற்றே என்று வெட்கமாக இருந்தது.

"முடிஞ்சுது. லைட்டப் போடு."

போட்டேன். ஸெல்மர் முகத்தை எடுக்கவில்லை. பதினோரு பேரும் ஒரே சமயத்தில் தங்கள் காபிக் கோப்பைக்குள் எதையோ தேடினார்கள்.

"போதும் விடு. எல்லாரும் பாக்குறாங்க" என்றாள் ஆர்டிஸ்.

"பாக்கட்டும்."

ஆர்டிஸ் சிரித்துவிட்டாள். வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. அவள் அதை மறைக்கவில்லை. லோர்னா விடுவாளா, அதையும் எடுத்துவிட்டாள்.

"இருட்டுல எடுத்தது புத்தகத்துக்கு. சிரிக்கறது எங்க சமையலறைக்கு" என்று ஆர்டிஸே சொன்னாள். அப்பாடா என்றிருந்தது எனக்கு. இரண்டு விளக்கும் எரிய வேண்டும் என்பது லோர்னாவின் படக் கம்பெனிச் சட்டம். பிறகு அவர்கள் கேட்டபோது, ஒன்று பழுதாகிவிட்டது என்று லோர்னா கூசாமல் சொன்னாளாம்.

அடுத்த குடும்பத்தைக் கூப்பிட்டுவிட்டுத் திரும்பினேன். ஆர்டிஸ் காபி மேசைக்கு வந்திருந்தாள், சால்வை இல்லாமல். ஓர் எலுமிச்சைக் கேக் துண்டை எடுத்துக் கடித்தாள். பாதி தாடையில் சிந்தியது. துடைத்துக்கொண்டு இன்னொன்றை எடுத்தாள். ஏப்ரலுக்குப் பிறகு அவள் எங்கள் முன்னால் எதையும் வாயில் வைத்ததில்லை.