மின்சாரம் இல்லாத ஊரில் ஒரு பிளக் பாயிண்ட்

போன ஞாயிற்றுக்கிழமை மாரமங்கலம் என்ற மலைக் கிராமத்துக்குப் போயிருந்தேன். நண்பன் முரளி கூப்பிட்டிருந்தான். ஆவணப்பட இயக்குநர். யாரைப் படம் எடுக்கப்போகிறானோ அந்தக் கூட்டத்தோடு முதலில் ஐக்கியமாகிவிடுவது அவன் பாணி. ஒருமுறை மொட்டை அடித்தான். ஒருமுறை நாற்பது நாள் பச்சைக் காய்கறி தின்றான். படம் வந்ததோ இல்லையோ, ஆளே பாதியாகி வந்தான்!

இந்தத் தடவை, பெங்களூர் வேலையை உதறிவிட்டு மலையில் குடியேறிய எட்டுப் பேர். மின்சாரமே இல்லாத வாழ்க்கை. படம் எடுக்க வருபவரும் அதே விரதம் இருக்க வேண்டுமாம். முரளி உணர்ச்சிவசப்பட்டுக் கையெழுத்துப் போட்டுவிட்டான். கேமராவுக்கு சார்ஜ் போட வேண்டும் என்பது மறுநாள்தான் உறைத்திருக்கிறது.

பிறகென்ன... தினமும் திருட்டுத்தனமாக, காபித் தோட்டத்துக்குக் கீழே இருக்கும் பொன்னம்மா அக்கா வீட்டு வாசலில் பேட்டரியைக் கொடுத்து, மாலையில் வாங்கி வருவானாம். ராகியும் மிளகும் விளைவிக்கிற அக்கா. மூன்று மாதமாக ஒரு கேள்வி கேட்டதில்லை.

அன்று என்னையும் கூட்டிப் போனான். "ஏனுங்க, வாசல்லயே நிக்கறீங்க? உள்ள வாங்க, காப்பி குடிச்சிட்டுப் போலாம்" என்றார் அக்கா.

போனோம். சமையலறையில் ஒரு எக்ஸ்டென்ஷன் பாக்ஸ். அதிலும் அதன் பக்கத்திலுமாக வரிசையாக... எட்டு செல்போன்கள்!

"எல்லாம் உங்க ஆளுங்களதுதானுங்க. தனித்தனியா வந்து, 'யார்கிட்டயும் சொல்லாதீங்கக்கா'ம்பாங்க."

முரளிக்கு முகம் வெளிறிவிட்டது. இதுதான் படம். ஆனால் அவர்களைக் காட்டினால் தன் குட்டும் வெளிப்படுமே? பேட்டரியை அக்காவிடம் கொடுத்துவிட்டு யோசனையோடு மேலே ஏறினான்.

அன்று மாலை 'உண்மை வட்டம்'. வாரம் ஒருமுறை எல்லோரும் வட்டமாக உட்கார்ந்து தவறுகளை ஒப்புக்கொள்வார்கள். முரளி எழுந்தான். தான் முதலில் சொன்னால் மற்றவர்களும் சொல்வார்கள் என்று நம்பினான், பாவம்.

"நான் கீழ் வீட்டில் பேட்டரி சார்ஜ் போட்டேன்."

இங்கே தலைவரே கிடையாது என்று அடிக்கடி அறிவிக்கும் தலைவர் கண்ணை மூடினார். "வலிக்கிறது முரளி. நீங்கள் வெளியேற வேண்டும். சம்மதிப்பவர்கள்?"

எட்டுக் கைகள் உயர்ந்தன. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என்ன நெஞ்சழுத்தம்!

அப்போது மூச்சிரைக்க வந்தார் பொன்னம்மா அக்கா. கையில் அலறிக்கொண்டிருக்கும் செல்போன். நேராகத் தலைவரிடம் போனார்.

"கண்ணு, உங்கம்மா அஞ்சு தடவ கூப்ட்டாங்க. பேசிரு சாமி. அப்புறம், மத்தவங்களும் வந்து அவங்கவங்க போனை எடுத்துக்கங்க. நீங்கல்லாம் கரன்ட் வேண்டாம்னு வந்ததுலருந்து எங்க ஊட்டுல மிக்ஸி போட எடமில்லீங்க. நொம்ப செரமமா இருக்குது!"

உயர்ந்த கைகளை இறக்கக்கூட யாருக்கும் தோன்றவில்லை. எந்த இயக்குநருக்குக் கிடைக்கும் இப்படி ஒரு காட்சி? முரளி பாய்ந்து கேமராவை எடுத்தான், பட்டனை அழுத்தினான்...

பேட்டரி அக்கா வீட்டில் சார்ஜ் ஏறிக்கொண்டிருந்தது.

ஐக்கியமாவதெல்லாம் சரி முரளி... ஒரு ஸ்பேர் பேட்டரி வாங்கி வைத்துக்கொள்ளக் கூடாதா?