முகம் பேசி முடித்த இடம்

என் தங்கை மகளுக்கு வீட்டில் கத்தரி என்று பட்டப்பெயர். சினிமாவில் படத்தொகுப்பாளர் அவள். எடுத்த காட்சிகளை வெட்டி ஒட்டிப் படமாக்குகிற வேலை. எங்கள் அப்பா வழியிலும் அம்மா வழியிலும், கொட்டகையில் டிக்கெட் கிழித்த சித்தப்பாவை விட்டால் சினிமாப் பக்கம் போனவர் யாருமில்லை. இவளோ ஏழு தேசத்துப் படங்களை முடித்துக் கொடுத்திருக்கிறாள். அதில் ஐந்து தேசத்துப் பேச்சு சுத்தமாகப் புரியாது.

"புரியாம எப்படிடீ வெட்டுற?" என்றால் சிரிப்பாள்.

எனக்குத் தெரியும். அவளுக்கு மூன்று வயதாகும்போது காய்ச்சலில் என் தங்கைக்கு இரண்டு காதும் போய்விட்டது. அம்மாவிடம் முகத்தாலேயே பேசி வளர்ந்த பிள்ளை. அதனால் சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் காட்சியைப் பார்ப்பாள். முகம் சொல்லி முடித்த இடத்தில் வெட்டுவாள். அப்புறம் மொழிபெயர்ப்புத் தாளோடு ஒத்துப் பார்ப்பாள்.

போன வருஷம் ஒரு வெளிநாட்டுப் படத்தில் ஒத்துப் பார்க்காமலே அனுப்பிவிட்டாள். மகனை வழியனுப்புகிற தாய், பாதி வாக்கியத்திலேயே காணாமல் போனாள். இயக்குநர் விமானம் ஏறி, அவள் வேலை செய்கிற எங்கள் முன்னறைக்கே வந்துவிட்டார்.

அவர் ஆங்கிலத்தில் கத்தியதைப் பிற்பாடு அவளே எனக்குச் சொன்னாள்: "பேசிட்டிருக்கிறவ வாய்ல துணிய அடைச்ச மாதிரி இருக்கு! பாஷை தெரிஞ்ச ஆளா பாத்துக்கறேன்."

அந்தப் படம் அவளுக்கு ஒன்றரை வருஷ உழைப்பு. பேயறைந்த முகத்தோடு, வெட்டியதைத் திரும்பச் சேர்த்து முழுசாக ஓட்டிக் காட்டினாள்.

அந்நேரம் பார்த்து என் தங்கை தேநீர்த் தட்டோடு வந்தாள். நின்று பார்த்தாள். பார்க்கப் பார்க்கக் கண் கலங்கியது. சட்டென்று தட்டை மேசையில் வைத்து, புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். திரையில் அந்தத் தாய் இன்னும் பேசிக்கொண்டிருந்தாள். என் தங்கை திரும்பியது, மகள் வெட்டிய அதே இடத்தில்.

"யார் அவங்க?" என்றார் இயக்குநர்.

"எங்கம்மா. காது கேக்காது."

அவர் சத்தத்தை அணைக்கச் சொல்லி இன்னொரு தடவை பார்த்தார்.

"உங்கம்மா திரும்பிப் போன இடத்துலயே வெட்டிடு. நீயே முடி."

கத்தரி அதைத் தமிழில் சொன்னதும் நான் சமையலறைக்கு ஓடி, கையும் முகமுமாகத் தங்கைக்கு விஷயத்தைச் சொன்னேன்.

"நான் என்னக்கா பண்ணேன்? படத்துல அவ சொல்ல வேண்டியத சொல்லிட்டா, வந்துட்டேன். இங்க அடுப்புல பால் வேற!"

பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்திருந்தது. பின்னாலேயே வந்த கத்தரி, அம்மாவை நகர்த்திவிட்டு, சிரித்துக்கொண்டும் மூக்கை உறிஞ்சிக்கொண்டும் அதைத் துடைத்தாள்.