உலகம்மையக்கா முடுக்கிய ஜாயின்ட்

உலகம்மையக்கா யாரையும் எளிதில் நம்பமாட்டார். சோப்புத்தூள் வாங்கினால் கடைவாசலிலேயே பாக்கெட்டைப் பிரித்து முகர்ந்து பார்ப்பார். கேஸ் கொண்டுவருகிறவர் சிலிண்டரைக் குலுக்கிக் காட்டாமல் படியிறங்க முடியாது. மலையாள ஊரான கழக்கூட்டத்தில் ஐ.டி. பார்க்குக்குப் பின்னால் சரிந்து இறங்கும் சந்தில், ஒரே வீட்டின் முன்பாதியில் நாங்களும் பின்பாதியில் அவரும் வாடகைக்கு இருக்கிறோம். மொட்டைமாடி டேங்க் இரண்டு வீட்டுக்கும் பொது. அதனால் அவருடைய சந்தேகத்தில் எங்களுக்கும் ஒரு பங்கு உண்டு.

அக்காவுக்கு வள்ளியூர்ப் பக்கம். அவருடைய வீட்டுக்காரர் வன்னியராஜ் வித்துராவில் ஒரு ஹோட்டலில் சமையல் வேலை பார்க்கிறார். லீவு கிடைத்தால் வருவார். அக்கா முதலில் இங்கே ஒரு பெண்கள் ஹாஸ்டலில் பெருக்கித் துடைத்துக்கொண்டிருந்தார். வெளுக்கப்போன படுக்கை விரிப்புகள் குறைந்தே திரும்பி வந்ததைக் கண்டுபிடித்தவர் அவர்தான். 'அப்போ நீயே அலக்கித் தா' என்று வார்டன் பிந்து சொன்னார். அக்கா ஒரு பழைய வாஷிங் மெஷினை வாங்கிப் பின்வாசலில் வைத்தார். இப்போது அதுதான் அவருடைய பிழைப்பு.

மெஷினை மாட்ட வந்த பையன் ஹோஸின் நட்டைக் கையால் திருகிவிட்டு எழுந்தான்.

"ஸ்பேனரை எதுக்குப்பா சுமந்துட்டு வந்த? காது குடையவா?" என்று அக்கா கேட்டார்.

"உள்ளே ரப்பர் வாஷர் உண்டு சேச்சி. கைமுறுக்கு மதி, அதுவே போதும்."

அவன் போனதும் நட்டுக்கு அடியில் சொட்டு விழுந்தது. அன்றோடு ஆளைக் கூப்பிடுவதையே அக்கா நிறுத்திவிட்டார். வாய் அகலத்தைக் கூட்டிக் குறைக்கிற ஸ்பேனர், பிளேயர், டார்ச், கை நிறைய வாஷர் எல்லாம் சொந்தமாக வாங்கினார். வாஷரை விரலால் தடவி விரிசல் பார்ப்பார். கை போகிற மட்டும் கையால் திருகுவார். பிறகு நட்டில் துணியைச் சுற்றி, ஸ்பேனரால் கால் சுற்று. அவர் போட்ட நட்டு எதுவும் சொட்டியதில்லை.

எங்கள் கிணற்றுத் தண்ணீரில் இரும்பு அதிகம். அதுதான் டேங்குக்கு ஏறுகிறது. தொடர்ந்து அதிலேயே துவைத்தால் வெள்ளை விரிப்பு மஞ்சளாகிவிடும். தெருவில் வரும் பைப்புத் தண்ணீர் நல்லது, ஆனால் அது நினைத்தபோது நின்றுவிடும். இதற்கு அக்கா ஒரு வழி செய்தார். பின்வாசலில் பைப்புக்கு ஒரு குழாய், டேங்குக்கு ஒரு குழாய் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. இரண்டிலும் ஹோஸ் மாட்டி, கவட்டை மாதிரியான ஒரு ஜாயின்டில் சேர்த்து மெஷினுக்குக் கொடுத்தார். இரண்டு குழாயும் எப்போதும் திறந்தே இருக்கும். எது வருகிறதோ அது மெஷினுக்கு. ராத்திரி அடியில் செய்தித்தாளை விரித்து வைத்தார். காலையில் தாள் நனையவே இல்லை.

அதற்குப் பிறகுதான் டேங்க் மதியத்துக்குள் காலியாகத் தொடங்கியது. விரிப்புகள் நுரையோடு மெஷினுக்குள் கிடந்தன. ஹாஸ்டலுக்குத் தாமதம் மேல் தாமதம். "இனி ஒரு தவணைகூட லேட்டானா நான் வேற ஆளைப் பார்ப்பேன், உலகம்மே" என்று பிந்து சொல்லிவிட்டார்.

அக்கா முதலில் எங்களைத்தான் பிடித்தார். எங்கள் குளியலறைக்கு வெளியே நின்று காதைக் கொடுத்துக் கேட்டார். அம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது. "உள்ளேயே வந்து நில்லுங்க, முதுகாவது தேச்சுவிடலாம்!"

பிறகு அவர் சந்தின் அடிவாரத்துக்கு இறங்கினார். அங்கே செங்கோட்டைக்காரர் யூசுப்பின் டீக்கடை இருக்கிறது. தெருவே குடத்தை வைத்துக்கொண்டு காத்திருக்க, அவர் கடைக் குழாயில் மட்டும் தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது.

"ஏன் யூசுப்பு, ஊருக்கெல்லாம் குழாயில காத்துதான் வருது. ஒனக்கு மட்டும் எந்த டேங்க்ல இருந்து வருது?"

"இந்த வெள்ளத்தை நீயே கொண்டு போக்கா" என்றார் யூசுப். "இதில சாயா போட்டா மை மாதிரி கருக்குது. மேல யாரோ பைப்புல எதையோ கலக்குறான்னு நானே ஆளைத் தேடுறேன், கேட்டோ. இப்போ ஆளே நேரா வந்தாச்சோ?"

அக்கா ஒரு கை ஏந்தி முகர்ந்தார். இரும்பு வாடை. எங்கள் கிணற்றுத் தண்ணீர்.

"போனைக் கையில வச்சிரு. உன் குழாயைத் திறந்தே வை, நீ மூடுனா எனக்குத் தெரியும்" என்று எச்சரித்துவிட்டு அக்கா வேகமாக வீட்டுக்கு ஏறி வந்தார். மாடிக்குப் போய், யூசுப்பைப் போனில் கூப்பிட்டுக்கொண்டே டேங்க் வால்வை மூடினார்.

"இப்போ?"

"நின்னு போச்சு அக்கா."

"மாட்டினியாலே!"

வால்வைத் திறந்துவிட்டு, கள்ளக்குழாய் எங்கே என்று சுவரோரம் முழுவதும் தேடினார். மண்ணைக்கூடக் கிளறினார். ஒன்றும் இல்லை. எங்கள் வீட்டு வால்வை மூடினார். ஓடுகிறது என்றார் யூசுப். தன் சமையலறை வால்வை மூடினார். ஓடியது. குளியலறையை மூடினார். அப்போதும் ஓடியது. கடைசியில் மெஷினுக்குப் போகும் டேங்க் குழாயை மூடினார்.

"அக்கா, நின்னுது! எதைத் திருகின?"

அக்கா அதே குழாயை மறுபடி திறந்தார். தண்ணீர் வருகிறது என்றார் யூசுப். மூடினார். நின்றுவிட்டது என்றார்.

பைப்பில் தண்ணீர் இருந்தவரை ஒன்றும் ஆகவில்லை. அது நின்றதும், உயரத்தில் இருந்த டேங்க் தண்ணீர் ஒரு ஹோஸில் இறங்கி, ஜாயின்டில் திரும்பி, அடுத்த ஹோஸ் வழியாகத் தெருப் பைப்புக்குள் போய், பள்ளத்தில் இருக்கும் கடைக்கு ஓடியிருக்கிறது. தண்ணீரை ஒரு பக்கம் மட்டும் விடுகிற வால்வு ஒன்று நடுவில் வேண்டும், அது இல்லை. வெளியே ஒரு சொட்டும் விழாததால் யாரும் அந்த ஜாயின்டைப் பார்க்கவேயில்லை.

போனை அணைத்திருந்தால் யூசுப்புக்கு எதுவும் தெரிந்திருக்காது. அக்கா அணைக்கவில்லை.

"என் மெஷின் ஹோஸ்தாம்லே. நாந்தான் மாட்டினேன்."

யூசுப் சிரித்த சிரிப்பு எங்கள் வாசல்வரை கேட்டது. "அப்போ கள்ளி நீயா? என் சாயாவைக் கருக்கினதும் நீயா? இரு, கடைக்கு வர்றவனுக்கெல்லாம் சொல்றேன்."

"சொல்லு. தாராளமா சொல்லு" என்றார் அக்கா.

ஸ்பேனரை எடுத்து ஜாயின்டைக் கழற்றினார். கால் சுற்று இறுக்கியதைத் திருப்ப இரண்டு கையும் தேவைப்பட்டது. டேங்க் குழாயை மட்டும் மெஷினுக்கு மாட்டி, மிச்சமிருந்த தண்ணீரில் விரிப்புகளை அலசினார். சாயங்காலம் காய்ந்தும் காயாததுமாக ஹாஸ்டலுக்குச் சுமந்து போனார்.

பிந்து எல்லாவற்றையும் விரித்துப் பார்த்தார். "ஷீட்டு வேலை இனியும் உனக்குத்தான். ஆனா தலையணை உறையை இன்னைக்குக் காலையிலேயே வேற கடைக்குக் கொடுத்தாச்சு."

அக்கா படியிறங்கியவர் நின்றார்.

"அவங்க எந்தத் தண்ணியில அலசுறாங்கன்னு கேட்டீங்களா மேடம்?"

பிந்து கேட்டிருக்கவில்லை.

"எந்தக் கடை? பேரை மட்டும் சொல்லுங்க. நான் போய்ப் பாத்துக்கிடுதேன்."