மங்கலம்பேட்டையில் பாடிய மேடான் பிளேட்டுகள்

மைக் செட் வைத்திருப்பவனுக்கு ஊரில் எல்லாக் கல்யாணத்துக்கும் அழைப்பு உண்டு, ஒரு கல்யாணத்திலும் நல்ல பேர் கிடையாது. குழாய் ஸ்பீக்கருக்கு நேர் கீழே பந்தியில் உட்கார்ந்து, பரிமாறுகிறவரிடம் சைகையிலேயே உப்பு கேட்டிருக்கிறீர்கள் அல்லவா? அறுபது, எழுபதுகளில் விருத்தாசலத்தில் அந்தப் பாவத்தைச் செய்தவன் நான்தான். என் பாட்டையும் கொஞ்சம் கேளுங்கள்.

கப்பலில் வந்த மூன்று

மங்கலம்பேட்டை யூசுப் பாய் இந்தோனேசியாவில், மேடான் நகரத்தில் ஜவுளிக் கடை வைத்திருந்தவர். அதை விற்றுவிட்டு ஊருக்கே திரும்பிவிட்டார். மறுமாசம் நடக்கவிருந்த தம்பி கல்யாணத்துக்கு மைக் செட் பேச வந்தபோது, செய்தித்தாளில் சுற்றிய மூன்று இசைத்தட்டுகளை என் மேசைமேல் வைத்தார்.

ஒன்றைப் போட்டுப் பார்த்தேன். புல்லாங்குழல் இழைகிறது, தபலா மாதிரி ஏதோ துள்ளுகிறது, பெண் குரல் குழைகிறது. இந்திப் பாட்டு என்றே நினைத்தேன். "இந்திப் படம்னா அங்க உசுர விடுவாங்க. அதான் பாட்டுலயும் அந்தச் சாயல். டீக்கடை, பஸ்ஸு, எங்க போனாலும் இதுதான்" என்றார். எனக்கு எதற்கு என்று கேட்டேன். "எங்க வூட்ல மிஷினு இல்லீங்க. பொட்டியில தூங்குறதுக்கு உங்ககிட்ட பாடட்டுமே!"

சூடா

பீங்கான் கம்பெனி மேஸ்திரி ஒருவர் மகளுக்குக் கல்யாணம். முதல் பந்தி நடக்கும்போது அந்த பிளேட்டை வைத்தேன். அடிக்கொரு தடவை "சூடா, சூடா" என்று வந்தது. பந்தியில் ஒருவர் சிரித்தார். இன்னொருவர், "பாட்டுக்காரம்மாவே கேக்குது, சாம்பாரச் சூடா எடுத்தாங்கய்யா" என்று குரல் விட்டார். பந்தி முழுக்கச் சிரிப்பு.

சமையல்காரர் கரண்டியோடு என் முன்னால் வந்து நின்றார். அன்றைக்கு அவருக்கு வாய்த்தது ஈர விறகு. சாம்பார் நிஜமாகவே ஆறித்தான் போயிருந்தது. அவரைக் குத்திக் காட்டத்தான் நான் பாட்டு வைத்தேன் என்று முடிவே கட்டிவிட்டார். அது வேறு நாட்டுப் பாட்டு என்று சத்தியம் செய்தேன். மனுஷன் நம்பவில்லை. "வேற நாட்டுக்காரிக்கு எஞ் சாம்பாரு ஆறிப்போனது எப்படிய்யா தெரிஞ்சிது?"

பந்தலுக்குள் ஒரு பெண்

யூசுப் பாயின் மனைவி ஜாவாக்காரப் பெண், பெயர் சீத்தி. ஊர் நாக்கில் அது சித்தியாகிவிட, மாமியாரே மருமகளைச் சித்தி என்றுதான் கூப்பிட்டார். ஊருக்கு வந்து இரண்டு வருஷம். அதற்குள் நம் பேச்சு நன்றாகவே வந்துவிட்டது. இதெல்லாம் எனக்குப் பிறகு தெரிந்த சங்கதி.

தம்பி கல்யாணத்தன்று, யூசுப் பாய் சந்தோஷப்படுவாரே என்று அதே பிளேட்டை வைத்தேன். இரண்டு அடி பாடியிருக்காது. அடுப்படியிலிருந்து அந்தப் பெண் ஓடிவந்து, ஆண்கள் உட்கார்ந்திருந்த பந்தலுக்குள் நின்றார். கையில் வெங்காயத் தோல் ஒட்டியிருந்தது. சுற்றுகிற தட்டையே பார்த்தவர், "இது என்னோடது. பொட்டியில காணோம்னு அழுதேன்" என்றார். யூசுப் பாய் தலையைக் குனிந்துகொண்டார். திருட்டுச் சாமானோடு பிடிபட்டவன் மாதிரி சட்டென்று ஊசியைத் தூக்கிவிட்டேன்.

பின்னாலேயே மாமியார் வந்தார். போச்சு, இழுத்துப் போகப் போகிறார் என்று நினைத்தேன். அவரோ ஒரு நாற்காலியை என் மிஷின் பக்கத்தில் இழுத்துப் போட்டு, மருமகளை உட்கார வைத்தார். "ஏந்தம்பி நிறுத்துன? எம் மருமவ பாட்டு அது, முழுசா வையி."

அர்த்தம் கேட்டது

பாட்டு முடிந்ததும் அந்த "சூடா" என்னவென்று சித்தியிடமே கேட்டேன். "முடிஞ்சு போச்சு"ன்னு அர்த்தமாம். உன் மேல் வைத்த ஆசை முடிந்து போச்சு, உன் வீட்டு வாசல் முடிந்து போச்சு என்று ஒருத்தி பாடுகிறாளாம். மேஸ்திரி மகளை நினைத்து எனக்கு வேர்த்துவிட்டது. அவர் முதல் தடவையாகச் சிரித்தார். "பயப்படாதீங்க அண்ணே, எங்க ஊரு கல்யாணத்துல இதப் போட்டுதான் ஆடுவாங்க."

திருப்பிக் கொடுக்கப் போனது

மறுநாளே மூன்றையும் எடுத்துக்கொண்டு பஸ் ஏறினேன். அடுத்தவர் பொருள் அலமாரியில் இருந்தால் எனக்குச் சோறு இறங்காது. சித்தி வாசலுக்கு வந்து வாங்கி, ஒவ்வொன்றையும் முந்தானையால் துடைத்தார். உள்ளே எடுத்துப் போவார் என்று பார்த்தால், திரும்ப என் கையிலேயே கொடுத்தார். "நான் வச்சிருந்தா இது பேசாம கெடக்கும். நீங்களே வச்சிக்குங்க அண்ணே. இந்த ஊருக்கு வரும்போது மட்டும் குழாய எங்க தெருப் பக்கம் திருப்பிக் கட்டுங்க."

குழாயை எந்தத் தெருப் பக்கம் திருப்பினாலும் அந்தத் தெருவே திரண்டு வந்து திட்டும் என்பதுதான் இந்தத் தொழிலில் நான் கற்ற ஒரே பாடம்; மங்கலம்பேட்டையில் மட்டும், தங்கள் பக்கம் ஏன் திருப்பவில்லை என்று மற்ற தெருக்காரர்கள் திட்டினார்கள்.