பதில் கேட்கும் தூரம்

யசோதராவுக்கு நாற்பத்தாறு வயது. தங்கச் சுரங்க ஊரான சாம்பியன் ரீப்ஸிலிருந்து தினமும் காலை ரயிலில் பெங்களூருக்குப் போய், ஒரு கார்மென்ட்ஸில் சட்டைக் காலர் தைக்கிறார். ஞாயிற்றுக்கிழமைகளில் நான்கு பேர் சேர்ந்த குழுவில் மலைப்பாட்டு பாடுகிறார். கலைஞர் என்று யாராவது அழைத்தால் முகம் சுளிப்பார்.

ஜவ்வாது மலைப்பக்கத்திலிருந்து சுரங்க வேலைக்கு வந்த குடும்பங்களின் பாட்டுகள் அவை. ஒவ்வொன்றும் ஒரு கூவலில் தொடங்கும். நெஞ்சிலிருந்து கிளம்பும் குரல் பாதியில் சட்டென்று உடைந்து உச்சிக்கு ஏறும், மறுபடி இறங்கும். எதிர்மேட்டில் நிற்பவர் அதேபோல் பதில் கூவ வேண்டும். பதில் காதில் விழாமல் முதலடியை எடுக்கக் கூடாது. கேட்கப்படாத கூவலைக் கூவல் என்று எண்ணலாமா என்பது பெரிய கேள்வி. இவர்கள் விடை தேடிக்கொண்டிருக்கவில்லை, விதி வைத்துக்கொண்டார்கள்.

பதினெட்டு வருடங்களாக யசோதராவுக்குப் பதில் கூவுபவர் பார்வதம்மா. போன ஆண்டு அவருக்குத் தைராய்டு அறுவை சிகிச்சை நடந்தது. பேச்சு திரும்பியது, உச்சிக்குரல் திரும்பவில்லை.

இந்த மார்ச்சில் பாட்டுகளை ஒலிப்பதிவு செய்ய பெங்களூரிலிருந்து ஆட்கள் வருவதாக இருந்தது. குழுவின் காரியங்களைப் பார்க்கும் ராஜ்குமார், பதில் கூவ ஸ்வீட்டியை நிறுத்தலாம் என்றார். ஸ்வீட்டி குழுவில் நான்காவது ஆள், நல்ல குரல்.

"பார்வதம்மா யக்காவ ஒதுக்கல. தாளம் போட கீறாங்க இல்ல?"

"அதுக்குப் பேருதான் ஒதுக்கறது" என்றார் யசோதரா.

பார்வதம்மாவே குறுக்கிட்டார். "ஸ்வீட்டியே கூவட்டும்டி. என் தொண்டைய கேட்டா நாய்கூட ஓடிப்பூடும்."

"ஓடட்டும். நாய்க்கா பாடறோம்? நீ போயி எதுர்ல நில்லு யக்கா."

பதிவு நாளன்று சுரங்கக் கழிவு மண் மேட்டின் மேல் யசோதராவும், எதிர்மேட்டில் பார்வதம்மாவும் நின்றார்கள். யசோதரா கூவினார். எதிரில் வாய் திறந்தது தெரிந்தது. சத்தம் வரவில்லை. மறுபடி கூவினார்.

"ஆரம்பி யக்கா, அவங்க கூவிட்டாங்க, பாத்தோமே" என்றார் ராஜ்குமார்.

"பாத்தா ஆச்சா? எனக்குக் கேக்கல."

பதிலைப் பிறகு சேர்த்துக்கொள்ளலாம் என்று பதிவுக்காரர் சொன்னார். யசோதரா மைக்கை விட்டுவிட்டுச் சரிவில் இறங்கினார். பத்தடி நடந்து கூவுவார், நின்று கேட்பார். ஒன்றுமில்லை என்றால் மறுபடி நடப்பார். இடையில் பார்வதம்மா கையை ஆட்டி, போதும் என்று காட்டினார். யசோதரா நிற்கவில்லை. எதிர்மேட்டில் ஏறி, ஆறடி இடைவெளிக்கு வந்த பிறகுதான் அது கேட்டது. உடைய வேண்டிய இடத்தில் குரல் இல்லாமல் காற்று மட்டும் போயிற்று. யசோதரா முதலடியை எடுத்தார்.

மைக்கைத் தூக்கிக்கொண்டு பதிவுக்காரர்கள் ஓடிவருவதற்குள் பாட்டில் இரண்டடி முடிந்திருந்தது. பாட்டு சிறப்பாக அமைந்தது என்று சொல்ல முடியாது. பார்வதம்மா மூன்று இடங்களில் சுருதி விலகினார்.

"இத எடுத்துக்குவாங்களா?" என்று கேட்டார்.

"எடுத்துக்கினா எடுத்துக்கட்டும். அடுத்த பாட்டு இன்னா யக்கா?"

யசோதராவைப் பழைய மேட்டுக்கே திரும்பும்படி ராஜ்குமார் சைகை காட்டினார். யசோதரா அதே ஆறடியில் நின்று கூவினார்.