பட்டியலின் முப்பத்துமூன்றாவது

யாழ்ப்பாணத்தை அடுத்த தீவிலுள்ள நாரந்தனையில் பிள்ளைகளின் பள்ளிக்கூடச் சீருடை தைக்க வேண்டுமென்றால் பிரியவதனியிடம்தான் போவார்கள். நாற்பதை நெருங்கும் வயது. கலியாணம் செய்யவில்லை. தகப்பன் இறந்தபின் தாய் பரிமளத்தோடும் தங்கை பவதாரணியோடும் இருந்தாள். வந்த சம்பந்தங்களை ஏன் தட்டிவிட்டாள் என்று அவள் சொன்னதில்லை. ஊரும் கொஞ்சக் காலத்தில் கேட்பதை விட்டுவிட்டது.

வானம் அவளிடம் தற்செயலாகத்தான் வந்தது. சுவிசிலிருந்து விடுமுறைக்கு வந்த தமையன் நிசாந்தன் தன் பிள்ளைகளுக்கென்று ஒரு தொலைகாட்டி கொண்டுவந்திருந்தான். பிள்ளைகள் நிலவைப் பார்த்துவிட்டுக் கைபேசிக்குத் திரும்பிவிட்டார்கள். போகும்போது பெட்டிகளில் கருவாட்டுக்கும் ஒடியல் மாவுக்கும் இடம் தேவைப்பட்டது. தொலைகாட்டி அலுமாரிக்கு மேல் தங்கிவிட்டது, கூடவே ஒரு வான வரைபடமும். அதில் ‘எம்’ என்ற எழுத்தும் இலக்கமுமாக நூற்றுப்பத்து அடையாளங்கள் இருந்தன.

அவை என்னவென்று தேடிப் படித்தாள். இருநூற்றைம்பது வருடங்களுக்கு முன் மெசியே என்ற பிரெஞ்சுக்காரர் வால்வெள்ளி தேடிக்கொண்டிருந்திருக்கிறார். வால்வெள்ளி மாதிரித் தெரிந்து ஏமாற்றிய மங்கல்களை, மறுபடி ஏமாறக்கூடாதென்று இலக்கமிட்டு வைத்தார். அவர் கண்டுபிடித்த வால்வெள்ளிகளை இன்று அனேகமாக ஒருவரும் நினைப்பதில்லை. அவர் ஒதுக்கிய பட்டியல்தான் நிலைத்தது. அதிலே விண்மீன் கொத்துகள், வாயு முகில்கள், எங்கள் பால்வீதிக்கு வெளியே தூரத்தில் கிடக்கும் வேறு அண்டங்கள் எல்லாம் உண்டு.

பின்வளவில் வடலிப் பனைகளுக்கு அப்பால் வயல். தெருவிளக்கு அங்கே எட்டாது. விளக்கு வைத்த கையோடு போய் நிற்பாள். ஒருநாள் ரோந்து வந்த கடற்படைக்காரர் இதென்ன என்று விசாரித்து, சனிக்கிரகத்தின் வளையத்தைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனார்கள். நாலைந்து வருடங்களில் பட்டியலின் பெரும்பகுதியை அவள் கண்டுவிட்டாள். அவளுக்குப் பிடித்தது முப்பத்துமூன்றாவது, முக்கோணம் என்ற உடுத்தொகுதியில் இருக்கும் ஓர் அண்டம். மிக மங்கலானது. நேரே பார்த்தால் ஒளிந்துகொள்ளும். பார்வையைச் சற்றுத் தள்ளி வைத்தால் தெரியும்.

அந்த வருடம் பொங்கல் கழிந்து மழை விட்டபோது அது அங்கே இருக்கவில்லை.

கடற்காற்றில் கண்ணாடியில் உப்புப் படிந்திருக்கும் என்று நினைத்தாள். நல்ல தண்ணீரில் கழுவினாள். பிறகு துறைப்பக்கம் புதிதாகப் போட்ட வெள்ளை விளக்குகளைத் திட்டினாள். ஒருநாள் நன்றாக இருட்டிய நேரம், மகளின் சட்டையை வாங்க வந்த கிறிஸ்ரினாவைப் பின்வளவுக்குக் கூட்டிப்போனாள். கிறிஸ்ரினாவின் புருசன் கடல்தொழில் செய்பவன். இரண்டு பெண்களும் நெடுநாள் சிநேகிதம்.

“இதுக்குள்ள பாரும். ஏதும் தெரியுதோ?”

கிறிஸ்ரினா ஒரு கண்ணை மூடிக்கொண்டு குனிந்தாள். “ஓம் அக்கா. விளக்கை ஊதி நூர்த்தா வாற புகை மாதிரி, வட்டமா.”

“வடிவாப் பாரும்.”

“கிடக்குது அக்கா. உங்களுக்குத் தெரியேல்லையோ?”

பிரியவதனி மறுபடி பார்த்தாள். கறுப்பு மட்டும்தான். அப்போதுதான் வேறு சிலவும் நினைவுக்கு வந்தன. மாலையில் வாளியைத் தட்டி விழுந்தது. பக்கத்தில் நின்ற சைக்கிளில் மோதியது. கவனக்குறைவு என்றே அதுவரை நினைத்திருந்தாள்.

யாழ்ப்பாணத்தில் கண் டொக்டர் நெடுநேரம் சோதித்தார். “உங்கட அப்பாவும் அம்மாவும் சொந்தமோ?”

“ஓம். மச்சானும் மச்சாளும்.”

விழித்திரை வியாதி என்றார். பிறப்போடு வந்தது. முதலில் இருட்டில் பார்வை போகும், பிறகு ஓரங்களிலிருந்து சுருங்கும். நிறுத்த மருந்தில்லை. “கூடப்பிறந்தவைக்கும் சொல்லுங்கோ. அவைக்கு வருத்தம் இல்லாட்டியும் உள்ளுக்க விதை இருக்கலாம். சொந்தத்துக்குள்ள கட்டினால் பிள்ளையளுக்கு வரக்கூடும்.”

பவதாரணிக்கு அத்தை மகன் ஷாருஜனோடு ஆவணியில் கலியாணம் என்று நிச்சயமாகியிருந்தது.

வீட்டுக்கு வந்து குசினியில் வைத்துத் தாயிடம் சொன்னாள். பரிமளம் அரிசி களைந்துகொண்டிருந்தாள், நிமிரவில்லை.

“பகல்ல ஊசியில நூல் கோக்கிறாய். இதென்ன குருட்டுக்கதை?”

“அம்மா, டொக்டர் சொன்னது.”

“தங்கச்சிக்கு முப்பத்திரண்டு வயசு. இது குழம்பினால் பிறகு ஆர் வருவினம்? வாயை மூடிக்கொண்டிரு.”

பவதாரணி வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டிருந்தாள். அழவில்லை. “நீங்கள் சொல்லாட்டி ஒருத்தருக்கும் தெரியாது அக்கா,” என்றாள். “எனக்கு ஒண்டும் இல்லை. நான் நல்லாத்தான் பாக்கிறன்.”

“நீ நல்லாத்தான் பாக்கிறாய். பிள்ளை பிறந்தா?”

“பிறக்கேக்க பாப்பம்.”

பிரியவதனி சித்திரை முழுக்கப் பொறுத்தாள். தங்கை தானே சொல்லட்டும் என்று காத்திருந்தாள். இரவுகளில் வெளியே போவதை விட்டுவிட்டாள். கடைசியில் ஷாருஜன் பந்தல் அளவெடுக்க வந்த அன்று, வாசல் படலையடியில் வைத்து அவனிடம் சொன்னாள். இரண்டுபேரும் சோதித்துப்போட்டுக் கட்டுங்கோ என்றுதான் சொன்னாள். கட்டாதீர்கள் என்று சொல்லவில்லை. அவன் தலையாட்டிக் கேட்டான், நன்றியும் சொன்னான். அடுத்த கிழமை அத்தையிடமிருந்து ஆள் வந்தது. கலியாணம் நின்றுபோனது. காரணம் தீவு முழுக்கப் பரவியது. சீருடை தைக்க வந்தவர்களில் சிலர்கூட வருவதை நிறுத்திவிட்டார்கள்.

பவதாரணி போய்க் கண்ணைச் சோதித்துக்கொண்டாள். வியாதி இல்லை. விதை உண்டா என்று பார்க்க இரத்தத்தை வெளிநாட்டுக்கு அனுப்ப வேண்டும் என்றார்கள். அதற்கு அவள் மறுத்துவிட்டாள். தைப்பொங்கலுக்கு முன்னமே தமையனிடம் போனாள். விமான நிலையத்துக்குப் புறப்பட்டபோது தாயைக் கட்டிப்பிடித்தாள். அக்காவைக் கடந்துபோய் வாகனத்தில் ஏறினாள்.

அதன்பின் பிரியவதனி மறுபடி பின்வளவுக்குப் போகத் தொடங்கினாள். பட்டியல் ஒவ்வொன்றாக வானத்திலிருந்து எடுபட்டது. முதலில் தூரத்து அண்டங்கள் எல்லாம். பிறகு வாயு முகில்கள். வேடன் என்ற உடுத்தொகுதியின் வாளில் உள்ள பெரிய முகில்கூட, வெறுங்கண்ணுக்கே தெரிகிற அது, ஒரு மாசியில் இல்லாமல் போனது. கார்த்திகைக் கூட்டத்தில் இரண்டு மூன்று மீன்கள் கொஞ்சக்காலம் மிஞ்சி நின்றன.

“சொன்னது பிழையெண்டு நினைக்கிறீங்களோ?” என்று கிறிஸ்ரினா ஒருநாள் கேட்டாள்.

“பிழையில்லை,” என்றாள் பிரியவதனி. நூலை அறுத்தாள். “சரியெண்டு சொல்லவும் ஏலாமல் கிடக்குது.”

போன வருடம் பவதாரணிக்குச் சூரிச்சில் கலியாணம் நடந்தது. மாப்பிள்ளை சொந்தமில்லை, அன்னியம். நிசாந்தன் கைபேசியில் நேரடியாகக் காட்டினான். பரிமளத்துக்குக் கண்ணில் வெண்புரை. அதனால் பிரியவதனிதான் பார்த்துச் சொல்ல வேண்டியிருந்தது. அவளுக்கும் அந்தச் சின்னத் திரையில் ஒரு நேரத்தில் ஒரு முகம்தான் அகப்பட்டது. தங்கையைப் பார்த்தால் மாப்பிள்ளை இல்லை.

“எப்பிடி இருக்கிறாள்?” என்று தாய் கேட்டாள்.

“வடிவா இருக்கிறாள்.”

“சிரிக்கிறாளோ?”

“ஓம்.”

“மாப்பிள்ளை?”

“பொறுங்கோ அம்மா,” என்று கைபேசியை மெல்ல நகர்த்தி அவனைத் தேடினாள்.