லெபூசா எழுதி வைத்த பெயர்கள்

என் அண்ணன் லெபூசா பிரசங்கம் செய்தால் தங்கச் சுரங்கமே வேலையை நிறுத்திவிட்டுக் கேட்கும் என்று எல்லோரிடமும் சொல்லுவேன். கொஞ்சம் கூடுதல்தான். கேட்டது சுரங்கத் தொழிலாளர் விடுதியில் நாற்பது பேர். அதிலும் பாதிப் பேர் அசதியில் தூங்கிவிடுவார்கள்.

எங்கள் பசுத்தோ மலைநாட்டிலிருந்து ஜோகன்னஸ்பர்க் போய், பதினெட்டு வருடம் பாறை துளைத்தவர் அவர். வேலைக்குச் சேரும்போதே வெள்ளைக்கார எழுத்தர் எல்லோருக்கும் ஜிம், ஜாக் என்று பெயர் போட்டுவிடுவார். செத்தாலும் பதிவேட்டில் வெறும் ஜிம்தான். அண்ணன்தான் செத்தவர்களின் சொந்தப் பெயரையும் குலத்தையும் தன் பிரசங்க நோட்டில், ஒவ்வொரு பிரசங்கத்துக்கும் மேலே எழுதி, சபையில் வாசிப்பார். இருமி இருமி அவரும் போனார். அந்தக் கையெழுத்து நோட்டுகள் என்னிடம் வந்தன.

நேற்று அடிவாரத்து ஊர் மாதெஃபோ மலையேறி வந்தாள். சுரங்கத்துக்குப் போன புருஷன் மொக்கெத்தியிடமிருந்து ஒன்பது வருடமாகத் தகவலில்லை. இருக்கிறாரா, இல்லையா என்று தெரிந்தால் போதும் அவளுக்கு. ஒவ்வொரு நோட்டாகப் புரட்டினேன்.

"இதோ இருக்குடி! மொக்கெத்தி, முதலைக் குலம். பாறை சரிஞ்சு…"

அவள் அழவில்லை. சுவரில் சாய்ந்துகொண்டாள்.

"அவசரப்படாதீங்க அக்கா. என் வீட்டுக்காரர் சிங்கக் குலம். இது வேற எவளோட மொக்கெத்தியோ, பாவம். அடுத்த பக்கத்தைப் படிங்க."